பிழையான விசாரணையில் பறிபோன அரசு வேலையைத் திரும்பப் பெறுவது எப்படி: நெல்லையிலிருந்து ஒரு முழுமையான வழிகாட்டி

கொக்கிரகுளத்தில் ஆட்சியர் அலுவலகத்துக்குப் பக்கத்து டீக்கடையில் நான் உட்கார்ந்தால், வாரத்துக்கு ஒருவராவது பை நிறையக் காகிதத்தோடு வந்துவிடுவார். வேலையில் இருந்தபோது பல வருடம் ஒழுங்கு நடவடிக்கைப் பிரிவைப் பார்த்தவன் நான். குற்றச்சாட்டுக் குறிப்பாணைகளை, அதாவது சார்ஜ் மெமோக்களை, நானே வரைந்து கையெழுத்துக்கு வைத்திருக்கிறேன். அதனால், எந்த ஓட்டை வழியாக ஒரு கோப்பு ஒழுகும் என்பது கொஞ்சம் தெரியும். வருகிறவர்கள் கேட்பது பெரும்பாலும் ஒரே கேள்விதான்: "அண்ணாச்சி, என்கொயரியே ஒழுங்கா நடக்கல. ஹைகோர்ட்டுக்குப் போனா ஆர்டர் நிக்காதுல்லா?"

நிற்காமல் போகலாம். ஆனால் அதற்குப் பிறகு என்ன நடக்கும் என்பதை யாரும் கேட்பதில்லை. அதையும் சேர்த்துத்தான் இங்கே எழுதுகிறேன்.

முதலில் ஒன்றைப் புரிந்துகொள்ள வேண்டும். பணிநீக்க உத்தரவு இரண்டு விதமாக ரத்தாகும். "இவர் மீது சொன்ன குற்றத்துக்கு ஆதாரமே இல்லை" என்று நீதிமன்றம் சொல்வது ஒன்று. "குற்றம் உண்மையா பொய்யா என்பதற்குள் நான் போகவில்லை, விசாரித்த முறை தப்பு" என்று சொல்வது இன்னொன்று. இரண்டிலும் நாற்காலி திரும்பக் கிடைக்கலாம். ஆனால் இரண்டாவதில் துறை மறுபடியும் விசாரிக்கலாம், இடைப்பட்ட காலச் சம்பளமும் முழுதாக வராமல் போகலாம். விசாரணைப் பிழையை நம்பி வழக்குப் போடுகிறவர் இரண்டாவது வகைக்குத்தான் தயாராக வேண்டும்.

படி 1: உங்களுக்கு எந்த விதி என்று பாருங்கள்

மாநில அரசு ஊழியர் என்றால் 1955-ஆம் ஆண்டு தமிழ்நாடு குடிமைப் பணிகள் (ஒழுங்கும் மேல்முறையீடும்) விதிகள். அதில் விதி 17(அ) சிறு தண்டனைக்கு, 17(ஆ) பெரும் தண்டனைக்கு. அலுவலகப் பேச்சில் "செவன்டீன் ஏ", "செவன்டீன் பி". தற்காலிகப் பணிநீக்கம், அதாவது சஸ்பென்ஷன், 17(உ)-வில் வரும். காவல்துறையில் சார்நிலைப் பணியாளர்களுக்குத் தனி விதிகள் உண்டு. அங்கே 3(அ), 3(ஆ) என்று பேசிக்கொள்வார்கள். அஞ்சல் துறை போன்ற மத்திய அரசு ஊழியருக்கு 1965-ஆம் ஆண்டு மத்தியக் குடிமைப் பணி விதிகள். அவர்கள் போக வேண்டிய இடம் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம். போக்குவரத்துக் கழக ஓட்டுநர், நடத்துநர் என்றால் தொழிலாளர் நீதிமன்றத்தின் பாதை. பாளையங்கோட்டையில் தெருவுக்குத் தெரு இருக்கிற உதவிபெறும் பள்ளிகளின் ஆசிரியர்களுக்கும் தனிச் சட்டம் இருக்கிறது.

அரசமைப்புச் சட்டத்தின் 311-ஆம் பிரிவு எல்லோருக்கும் பொருந்தும் என்று பலர் நினைக்கிறார்கள். அது அரசின் குடிமைப் பதவியில் இருப்பவருக்கு மட்டும்தான். மாநகராட்சி, வாரியம், கழகம், அரசு நிறுவனம் இவற்றில் இருப்பவருக்கு அவரவர் பணி விதிகளும், பாரபட்சம் இல்லாமல் இரு தரப்பையும் கேட்டு முடிவெடுக்க வேண்டும் என்ற இயற்கை நீதியும்தான் பாதுகாப்பு. குடிமைப் பதவியில் இருப்பவருக்கு அந்தப் பிரிவு இரண்டு விஷயத்தைத் தருகிறது. நியமித்த அதிகாரிக்குக் கீழான ஒருவர் உங்களை வேலையை விட்டு அனுப்ப முடியாது. குற்றச்சாட்டைச் சொல்லி, தக்க வாய்ப்புக் கொடுத்து விசாரிக்காமல் அனுப்பவும் முடியாது. குற்றவியல் வழக்கில் தண்டனை பெற்றவர், விசாரணையே நடத்த இயலாத சூழல், நாட்டின் பாதுகாப்பு என்று மூன்று விலக்குகள் உண்டு.

கீழே எழுதியிருப்பது மாநில அரசு ஊழியரை மனதில் வைத்து. மற்றவர்களுக்கு விதி எண் மாறும், சாரம் பெரிதும் மாறாது.

படி 2: சஸ்பென்ஷன் காலம்

சஸ்பென்ஷன் தண்டனை இல்லை என்று விதி சொல்லும். வீட்டில் அப்படி யாரும் எடுத்துக்கொள்வதில்லை என்பது வேறு விஷயம். 48 மணி நேரத்துக்கு மேல் காவலில் இருந்தால் உத்தரவு வராமலே சஸ்பென்ஷனில் இருப்பதாகக் கருதப்படும்.

இந்தக் காலத்தில் கவனிக்க வேண்டியது பிழைப்பூதியம், அதாவது சஸ்பென்ஷனில் இருக்கும்போது கிடைக்கும் பகுதிச் சம்பளம். வேறு வேலை எதிலும் இல்லை என்ற சான்றை மாதாமாதம் கொடுத்துக்கொண்டே வாருங்கள். அதைக் கொடுக்காமல் "சம்பளம் போடல" என்று சொன்னால் பயன் இல்லை. சான்று கொடுத்தும் பணம் வரவில்லை என்றால் உடனே எழுதிக் கேளுங்கள். "பிழைப்பூதியம் வழங்கப்படாததால், ராதாபுரத்திலிருந்து பாளையங்கோட்டைக்கு விசாரணைக்கு வந்து செல்லும் செலவுக்கும் வழியில்லாமல் இருக்கிறேன்" என்று நிலைமையை அப்படியே எழுதுங்கள். பிழைப்பூதியம் கொடுக்காமல் ஊழியர் வர முடியாதபடி செய்துவிட்டு ஒருதலையாக நடத்திய விசாரணை செல்லாது என்று 1999-இல் பால் ஆண்டனி வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. அந்த ஒரு கடிதம் பிற்பாடு உங்கள் வழக்கின் முதுகெலும்பு ஆகலாம். காலம் நீண்டு, தாமதம் உங்களால் இல்லை என்றால் பிழைப்பூதியத்தைக் கூட்டித் தரவும் கேட்கலாம்.

மூன்று மாதம் கணக்கு எல்லோருக்கும் தெரிந்திருக்கிறது. 2015-இல் அஜய் குமார் சவுத்ரி வழக்கில், மூன்று மாதத்துக்குள் குற்றச்சாட்டுக் குறிப்பாணை தராவிட்டால் சஸ்பென்ஷன் நீளக் கூடாது, தந்திருந்தால் நீட்டிப்பதற்குக் காரணம் எழுத வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் சொன்னது உண்மைதான். ஆனால் 91-ஆம் நாள் தானாக ரத்தாகிவிடும் என்று நம்பி உட்கார வேண்டாம். வழக்கின் தன்மையைப் பார்த்துத்தான் முடிவு என்று சென்னை உயர் நீதிமன்ற முழு அமர்வு சொல்லியிருக்கிறது. மூன்று மாதம் முடிந்ததும் மறுபரிசீலனை கேட்டு மனுக் கொடுங்கள். பதில் வராவிட்டால் அதை வைத்து உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளைக்குப் போகலாம்.

படி 3: குறிப்பாணை கைக்கு வந்ததும்

உறையைத் தூக்கிப் போடாதீர்கள். கிடைத்த தேதியை அதிலேயே எழுதி வையுங்கள். 17(ஆ) குறிப்பாணையில் வழக்கமாக நான்கு இணைப்புகள் இருக்கும்: குற்றச்சாட்டுகள், அவற்றுக்கான விவரம், ஆவணப் பட்டியல், சாட்சிப் பட்டியல். இவற்றில் எது குறைகிறது என்று பாருங்கள். சாட்சிப் பட்டியலே இல்லாத குறிப்பாணைகளை என் கண்ணால் கண்டிருக்கிறேன்.

பிறகு கையெழுத்து யாருடையது என்று பாருங்கள். பொறுப்பு அதிகாரி போட்டிருக்கிறாரா, அவருக்கு அந்த அதிகாரம் உண்டா? அடுத்தது காலம். பத்து வருடம் முந்திய சம்பவத்துக்கு, காரணம் சொல்லாமல் இப்போது குறிப்பாணை கொடுத்திருந்தால் அதுவே ஒரு வாதம். தமிழ்நாடு வீட்டு வசதி வாரிய ஊழியர் ஒருவரின் வழக்கில் 2005-இல் உச்ச நீதிமன்றம் அப்படிப்பட்ட குறிப்பாணையை ரத்தே செய்தது. மற்றபடி இந்தக் கட்டத்திலேயே நீதிமன்றம் ஓடுவது பெரும்பாலும் வீண். அதிகாரம் இல்லாதவர் கொடுத்தது, அளவு கடந்த தாமதம், வெளிப்படையான பழிவாங்கல் இவை இல்லாவிட்டால் "விசாரணையைச் சந்தித்துவிட்டு வா" என்றுதான் அனுப்புவார்கள்.

பதில் எழுதுவதற்கு முன் ஆவணங்களைக் கேளுங்கள். எப்படிக் கேட்பது என்பதற்கு ஒரு மாதிரி:

"இணைப்பு 3-இல் வரிசை எண் 2, 5 ஆகிய ஆவணங்களின் நகல் எனக்கு வழங்கப்படவில்லை. குற்றச்சாட்டு 1 முழுவதும் வரிசை எண் 5-இல் உள்ள பதிவேட்டையே சார்ந்திருப்பதால், அதைப் பார்க்காமல் எனது விளக்கத்தை அளிக்க இயலாத நிலையில் உள்ளேன். நகல் வழங்கவோ, நேரில் பார்வையிட அனுமதிக்கவோ வேண்டுகிறேன்."

இதில் "அதைப் பார்க்காமல் இயலாத நிலை" என்ற பகுதிதான் முக்கியம். வெறுமனே நகல் தரவில்லை என்று பிற்பாடு சொன்னால் "அதனால் உனக்கு என்ன பாதகம்?" என்று நீதிமன்றம் கேட்கும். பாதகத்தை அன்றைக்கே எழுதி வைத்தவருக்குப் பதில் கையில் இருக்கும்.

விளக்கத்தில் இரண்டு காரியம் செய்யுங்கள். குற்றச்சாட்டுகளை ஒவ்வொன்றாக மறுங்கள். கடைசியில், வாய்மொழி விசாரணை வேண்டும், நேரிலும் கேட்கப்பட வேண்டும் என்று தெளிவாக எழுதுங்கள். வாய்மொழி விசாரணை வேண்டுமா என்று விதியே கேட்கச் சொல்கிறது. நீங்கள் கேட்டால் நடத்தியாக வேண்டும். கேட்காமல் விட்டவர்கள் பிறகு வருந்தியிருக்கிறார்கள். இன்னொன்று: "தெரியாமல் நடந்துவிட்டது, மன்னிக்கவும்" என்று நல்ல மனதோடு எழுதாதீர்கள். மேலதிகாரி தோளில் தட்டி "மன்னிப்புக் கேட்டு எழுதிக் குடுத்துருங்க, கண்டனத்தோட முடிச்சிருவோம்" என்பார். அந்தக் காகிதம் ஒப்புதல் வாக்குமூலமாகக் கோப்பில் ஏறும். அதிகாரி மாறுவார், கோப்பு மாறாது.

படி 4: விசாரணை அறை

வழக்கில் ஜெயிப்பதும் தோற்பதும் இங்கேதான். மதுரைக் கிளையில் நீதிபதி பார்ப்பது இந்த அறையில் அன்று எழுதப்பட்ட காகிதத்தை மட்டும். நீங்கள் வாயால் சொன்ன எதிர்ப்பு, மேசை தட்டிச் சொல்லியிருந்தாலும், எழுத்தில் இல்லை என்றால் நடக்காத ஒன்றுதான்.

நான் பார்த்த ஒரு கோப்பு. ஊரும் பெயரும் வேண்டாம். பதிவேடு காணாமல் போனதற்கு ஓர் இளநிலை உதவியாளர் மீது 17(ஆ). விசாரணை அலுவலர் மதியம் மூன்று மணிக்கு அழைத்தார். பத்துக் கேள்வி கேட்டார், பதிலை எழுதிக்கொண்டார், கையெழுத்து வாங்கினார். ஐந்து மணிக்கெல்லாம் விசாரணை முடிந்தது. துறைத் தரப்பில் ஒரு சாட்சிகூட வரவில்லை. குற்றம் நிரூபணம் என்று அறிக்கை, அப்புறம் பணிநீக்கம். உண்மையில் அங்கே நடந்தது குற்றம் சாட்டப்பட்டவரையே சாட்சியாக வைத்து அவர் மீதான குற்றத்தை நிரூபித்தது. அந்த மனிதர் வெளியே வந்ததும் ஒரு பக்கம் எழுதி, அதே அலுவலகத்தின் தபால் பிரிவில் கொடுத்து, நகலில் சீல் வாங்கிவிட்டார்: "இன்றைய விசாரணையில் துறைத் தரப்புச் சாட்சி எவரும் விசாரிக்கப்படவில்லை, எனது தரப்புச் சாட்சிகளை அழைக்க வாய்ப்புத் தரப்படவில்லை." அந்த ஒரு சீல்தான் பல வருடம் கழித்து அவருக்கு வேலையைத் திரும்ப வாங்கிக் கொடுத்தது.

சரி, விசாரணையில் எதை எதைக் கவனிக்க வேண்டும்?

முதலில் துறை தன் சாட்சிகளை விசாரிக்க வேண்டும், அவர்களை நீங்கள் குறுக்கு விசாரணை செய்ய வேண்டும், அதற்குப் பிறகுதான் உங்கள் முறை. வரிசை மாறினால் எழுதுங்கள். ஆவணம் தானாகப் பேசாது. அதைத் தாக்கல் செய்து நிரூபிக்க ஆள் வர வேண்டும். காவல்துறையின் முதல் தகவல் அறிக்கையையும் வாக்குமூலத்தையும் மேசையில் வைத்துவிட்டு நிரூபணம் ஆயிற்று என்று சொல்ல முடியாது என்று 2009-இல் ஒரு வங்கி ஊழியரின் வழக்கில் உச்ச நீதிமன்றம் தீர்த்திருக்கிறது. நீங்கள் வராமல் ஒருதலையாக நடந்தாலும் இதே கடமை துறைக்கு உண்டு.

விசாரணை அலுவலர் யார் என்பதும் முக்கியம். முதல்கட்ட விசாரணை செய்து அறிக்கை கொடுத்தவரோ, புகார் கொடுத்தவரோ, சாட்சியாக வரக்கூடியவரோ அந்த நாற்காலியில் இருந்தால், அவரை மாற்றக் கேட்டு ஆரம்பத்திலேயே மனுக் கொடுங்கள். தீர்ப்பு வந்த பிறகு "அவருக்கு என்னைப் பிடிக்காது" என்றால் எடுபடாது. நம் அலுவலகங்களில் துறைத் தரப்பை நடத்தத் தனி அலுவலர் இல்லாமல், விசாரணை அலுவலரே வக்கீல் மாதிரிக் குறுக்குக் கேள்வி கேட்கும் பழக்கம் இருக்கிறது. தெளிவுக்கு ஒன்றிரண்டு கேட்பது வேறு. அவரே வழக்கை நடத்தினால் அதைக் குறித்து வையுங்கள்.

வழக்கறிஞரை உள்ளே விடுவது வழக்கம் இல்லை. ஆனால் துறைத் தரப்பில் சட்டம் படித்துப் பழகிய ஒருவர் வந்து உட்கார்ந்தால், உங்களுக்கும் கேட்கலாம். மறுத்தால் மறுப்பை எழுத்தில் வாங்குங்கள்.

தேதிக்குப் போக முடியாத நிலை வந்தால் மருத்துவச் சான்றோடு முன்கூட்டியே எழுதுங்கள். மூன்று தடவை வாய்தா வாங்கினால் நான்காவது தடவை நீதிமன்றமே உங்கள் பக்கம் நிற்காது. ஒவ்வொரு நாள் விசாரணை நடவடிக்கையிலும் படித்துப் பார்த்துத்தான் கையெழுத்துப் போட வேண்டும். தவறாக எழுதியிருந்தால் "ஆட்சேபணையுடன்" என்று எழுதிக் கையெழுத்திடுங்கள். நகல் கேளுங்கள்.

காகிதங்களைப் பற்றி ஒரு வார்த்தை. 2023 டிசம்பரில் தாமிரபரணி வீட்டுக்குள் வந்தபோது எத்தனையோ பேருக்கு நிலப் பத்திரத்தோடு பணி ஆவணங்களும் கூழாகின. எல்லாவற்றையும் போனில் படம் எடுத்து இரண்டு இடத்தில் வையுங்கள்.

படி 5: விசாரணை அறிக்கை

அறிக்கையின் நகலை உங்களுக்குக் கொடுத்து, அதன் மேல் உங்கள் கருத்தைக் கேட்ட பிறகுதான் தண்டனை. 1993-இல் கருணாகர் வழக்கில் ஐந்து நீதிபதிகள் அமர்வு இதை உறுதி செய்தது. நகல் கொடுக்காததால் உங்களுக்குப் பாதகம் ஏற்பட்டிருந்தால் தண்டனையை ரத்து செய்து, வேலையில் சேர்த்து, அந்தக் கட்டத்திலிருந்து துறை மறுபடி தொடரலாம் என்பதும் அதே தீர்ப்பில்தான் இருக்கிறது. முதல் பாதியை மட்டும் படித்துவிட்டு வருகிறவர்கள் அதிகம்.

சிலசமயம் விசாரணை அலுவலர் "நிரூபணம் ஆகவில்லை" என்று எழுதிவிடுவார். மேலே இருப்பவருக்கு அது பிடிக்காது. அவர் அறிக்கையிலிருந்து மாறுபடலாம், தடையில்லை. ஆனால் ஏன் மாறுபடுகிறார் என்பதற்கான தற்காலிகக் காரணங்களை உங்களுக்கு எழுதித் தந்து, பதில் வாங்கிய பிறகே முடிவெடுக்க வேண்டும். நேராகப் பணிநீக்க உத்தரவு வந்தால் அது பெரிய ஓட்டை.

உங்கள் கூடுதல் விளக்கத்தில் அறிக்கையின் பத்தி எண்ணைக் குறிப்பிட்டு, எந்த முடிவுக்கு எந்தச் சாட்சியம் இல்லை என்று எழுதுங்கள். குடும்பக் கஷ்டம் கடைசிப் பத்தியில் இரண்டு வரி போதும்.

படி 6: இறுதி உத்தரவும் மேல்முறையீடும்

உத்தரவில் உங்கள் விளக்கத்துக்குப் பதில் இருக்கிறதா, அல்லது "விளக்கம் ஏற்கத்தக்கதாக இல்லை" என்ற ஒற்றை வரிதானா? குறிப்பாணையில் இல்லாத பழைய தண்டனைகளைக் காட்டித் தண்டனையைக் கூட்டியிருக்கிறார்களா? கையெழுத்திட்டவர் நியமன அதிகாரியா? இந்த மூன்றையும் பாருங்கள்.

மேல்முறையீட்டை இரண்டு மாதத்தைத் தாண்ட விடாதீர்கள். மத்திய அரசு ஊழியருக்கு 45 நாள். "எப்படியும் தள்ளுபடிதான் பண்ணுவாங்க" என்று இதை விட்டுவிட்டு மதுரைக்குப் போகிறவர்களை, மேல்முறையீடு செய்துவிட்டு வா என்று நீதிமன்றம் திருப்பி அனுப்புவது சாதாரணம். தவிர, மேல்முறையீட்டில் தண்டனை அளவு மிகை என்ற வாதத்தைத் தாராளமாக வைக்கலாம். நீதிமன்றத்தில் அது மனசாட்சியை அதிர வைக்கும் அளவுக்கு இருந்தால்தான் எடுபடும்.

மேல்முறையீடு மாதக்கணக்கில் தூங்கினால், சீக்கிரம் முடிவெடுக்கச் சொல்லி நீதிமன்ற உத்தரவு வாங்கலாம். காத்திருக்கும் நேரத்தில் தகவல் உரிமைச் சட்டத்தில் பத்து ரூபாய் கட்டணத்தில் உங்கள் கோப்பின் குறிப்புப் பக்கங்களைக் கேளுங்கள். "பணிநீக்கம் செய்யவும்" என்று விசாரணை முடியும் முன்பே யாராவது எழுதியிருந்தால் அது தங்கம்.

படி 7: மதுரைக்கு

தமிழ்நாடு நிர்வாகத் தீர்ப்பாயம் கலைக்கப்பட்டதிலிருந்து மாநில ஊழியரின் பணி வழக்குகள் நேரே உயர் நீதிமன்றத்துக்குத்தான். 2004 ஜூலையில் மதுரைக் கிளை வந்த பிறகு நெல்லைக்காரர் சென்னைக்கு ரயில் ஏற வேண்டியதில்லை. வேய்ந்தான்குளம் புதிய பேருந்து நிலையத்தில் விடியக்காலை வண்டி ஏறினால் மாட்டுத்தாவணியில் இறங்கி, ஒத்தக்கடைப் பக்கம் இருக்கும் நீதிமன்றத்துக்குப் பத்தரைக்கு முன்னால் போய்விடலாம்.

மனு அரசமைப்பின் 226-ஆம் பிரிவின் கீழ். "ஆவணங்களை வரவழைத்து, உத்தரவை ரத்து செய்து, தொடர்ச்சியான பணிக்காலத்தோடும் பின்னூதியத்தோடும் வேலையில் சேர்க்க ஆணையிட வேண்டும்" என்று கோரிக்கை இருக்கும். பின்னூதியம் என்றால் வேலையில் இல்லாத இடைக்காலத்துக்கான சம்பளம். இதற்குக் காலக்கெடு என்று சட்டத்தில் இல்லை, ஆனால் இரண்டு மூன்று வருடம் சும்மா இருந்துவிட்டுப் போனால் தாமதத்தாலேயே மனு விழும். மத்திய அரசு ஊழியர் தீர்ப்பாயத்துக்கு ஒரு வருடத்துக்குள் போக வேண்டும்; மேல்முறையீட்டுக்கு ஆறு மாதம் பதில் வராவிட்டால் அந்த ஆறு மாதம் முடிந்ததிலிருந்து ஒரு வருடம்.

வழக்கறிஞரிடம் போகும்போது கதையைச் சொல்லத் தொடங்காதீர்கள். தேதி வாரியாக இரண்டு பக்கப் பட்டியலும், அதே வரிசையில் நகல்களும் கொண்டு போங்கள். பணம் இல்லாதவர், பெண்கள், பட்டியல் சாதியினர், பழங்குடியினர் சட்டப் பணிகள் ஆணைக்குழுவை அணுகலாம். பெண்களுக்கும் பட்டியல் சமூகத்தாருக்கும் வருமான வரம்பே கிடையாது.

நீதிபதி சாட்சியத்தை மறுபடி எடைபோட மாட்டார். துறை விசாரணையில் நடந்திருக்கவே அதிக வாய்ப்பு என்ற அளவு நிரூபணம் போதும், குற்றவியல் வழக்கு மாதிரி ஐயத்துக்கு இடமில்லாத நிரூபணம் தேவையில்லை. ஆகவே "சாட்சி பொய் சொன்னார்" என்ற வாதத்தைவிட "சாட்சியைக் குறுக்கு விசாரணை செய்ய விடவில்லை" என்பதே நிற்கும். உங்கள் மனுவில் பிழை, அதை நீங்கள் எழுத்தில் ஆட்சேபித்த தேதி, அதனால் வந்த பாதகம் இந்த மூன்றும் ஒவ்வொரு வாதத்துக்கும் இருக்கட்டும்.

இன்னொரு விஷயத்தை வழக்கறிஞரிடம் ஞாபகப்படுத்துங்கள்: விசாரணை மறுபடி நடந்தால் இத்தனை மாதத்தில் முடிக்க வேண்டும் என்று கெடு கேளுங்கள். கெடு இல்லாத தீர்ப்பு வாங்கி வந்து, மறுவிசாரணை முடிவதற்குள் ஓய்வு வயதே வந்துவிட்டவர் உண்டு.

குற்றவியல் வழக்கும் இருந்தால்

விடுதலை ஆனதும் வேலை தானாகத் திரும்பாது. இரண்டும் தனித் தனி. ஒரே சம்பவம், ஒரே சாட்சிகள், நீதிமன்றம் சாட்சியத்தை அலசிக் குற்றமே இல்லை என்று விடுவித்தது என்றால் உங்கள் வாதம் பலமானது. சந்தேகத்தின் பலன், சாட்சி பிறழ்ந்தார், சமரசம் ஆயிற்று என்றால் அவ்வளவு பலம் இல்லை. தீர்ப்பின் கடைசிப் பத்தி எப்படி எழுதப்பட்டிருக்கிறது என்பதை வைத்துத்தான் எல்லாம்.

படி 8: தீர்ப்பு கைக்கு வந்த பிறகு

இனிப்பு வாங்கும் முன் கடைசிப் பக்கத்தைப் படியுங்கள். மூன்றில் ஒன்று இருக்கும். முழுதாக ரத்து, பின்னூதியத்தோடு வேலை. அல்லது ரத்து, வேலையில் சேர்த்து, குறை ஏற்பட்ட கட்டத்திலிருந்து விசாரணை. அல்லது தண்டனை அளவை மட்டும் மறுபடி யோசிக்கச் சொல்வது. முறைப்பிழைக்கு வழக்கமாகக் கிடைப்பது நடுவில் உள்ளது.

சான்றிட்ட நகலோடு, பணியில் சேர அனுமதி கேட்டு மனுவை உடனே நேரில் கொடுங்கள், ஸ்பீடு போஸ்டிலும் அனுப்புங்கள். அரசு மேல்முறையீட்டுக்குப் போகும் என்று தோன்றினால், உங்களைக் கேட்காமல் தடை வாங்கிவிடாதபடி கேவியட் போட்டு வையுங்கள். அதன் ஆயுள் 90 நாள். உத்தரவை நிறைவேற்றவே இல்லை என்றால் அவமதிப்பு மனு, ஒரு வருடத்துக்குள்.

துறை மறுவிசாரணை என்று முடிவெடுத்தால், உங்களைப் பழைய பணிநீக்க நாளிலிருந்து சஸ்பென்ஷனில் இருப்பதாக வைத்துக்கொள்ள வழி இருக்கிறது. கேட்க வருத்தமாக இருக்கும். ஆனால் அப்படி வைத்தால் அந்த நாளிலிருந்து பிழைப்பூதியம் கொடுத்தாக வேண்டும். இதைப் பலர் கேட்பதே இல்லை. எழுதிக் கேளுங்கள்.

படி 9: இடைப்பட்ட காலம் என்ன ஆகும்?

சம்பளப் பிரச்சினை எல்லாம் 'அடிப்படை விதிகள்' என்ற விதித்தொகுப்பில்தான். மேல்முறையீட்டில் திரும்ப வந்தால் விதி 54, நீதிமன்றத்தால் வந்தால் 54-ஏ, சஸ்பென்ஷன் மட்டும் நீங்கினால் 54-பி.

54-ஏ சொல்வது இது. வழக்கின் தகுதியின் பேரில், அதாவது குற்றச்சாட்டே நிற்காது என்று, உத்தரவு ரத்தானால் இடைக்காலம் முழுதும் பணிக்காலம், முழுச் சம்பளம். 311-ஆம் பிரிவைப் பின்பற்றாத ஒரே காரணத்துக்காக ரத்தாகி, நீங்கள் குற்றமற்றவர் என்று சொல்லப்படாவிட்டால், முழுதுக்குக் குறைந்த ஒரு தொகை. அது எவ்வளவு என்று முடிவு செய்யும் முன் உங்களுக்கு அறிவிப்புத் தந்து பதில் கேட்க வேண்டும். அந்த அறிவிப்பை அலட்சியம் செய்யாதீர்கள். விசாரணை எவ்வளவு மோசமாக நடந்தது, தாமதத்துக்கு யார் காரணம் என்று தேதிகளோடு பதில் கொடுத்தால் தொகை உயரும். அறிவிப்பே தராமல் "தகுதியுள்ள விடுப்பாகக் கருதப்படுகிறது" என்று உத்தரவு வந்தால் அதையும் எதிர்க்கலாம்.

அந்தக் காலத்தில் வேறு வேலை பார்த்துச் சம்பாதித்திருந்தால் அது கழிக்கப்படும். பின்னூதியம் கேட்பவர், வேறு ஆதாயமான வேலையில் இல்லை என்று முதலில் தாமே சொல்ல வேண்டும் என்று 2013-இல் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. மனைவி பெயரில் கடை வைத்து நடத்திவிட்டு உறுதிமொழிப் பத்திரத்தில் ஒன்றுமில்லை என்று எழுதுவது ஆபத்து. உள்ளூரில் எல்லோருக்கும் தெரிந்த விஷயம் எதிர்மனுவில் வந்து நிற்கும்.

படி 10: சேர்ந்த நாளுக்குப் பிறகு

சேர்ந்ததும், அரசு ஊழியர் சம்பளம் போடும் கணினித் தளமான களஞ்சியத்தில் உங்கள் பெயர் மறுபடி ஏறி, சம்பளம் ஓடத் தொடங்குவதற்கே இரண்டு மாதம் ஆகலாம். சம்பளப் பட்டியல் போடும் உதவியாளரிடம் கோபப்பட்டுப் பயனில்லை. விட்டுப்போன ஊதிய உயர்வுகளைப் போட்டுச் சம்பளத்தை நிர்ணயிக்கக் கேளுங்கள். உங்களுக்குக் கீழே இருந்தவர்கள் பதவி உயர்வு பெற்றிருந்தால், அந்த ஆண்டின் பட்டியலில் உங்கள் பெயரைச் சேர்க்கத் தனி மனு வேண்டும். தானாக யாரும் பார்க்க மாட்டார்கள். நிலுவை மொத்தமாக வரும் வருடம் வருமான வரி எகிறும். நிலுவை ஊதியத்துக்கான வரி நிவாரணம் உண்டு, ஆடிட்டரிடம் கேட்டுப் படிவத்தைக் கணக்குத் தாக்கலுக்கு முன்பே போடுங்கள்.

கடைசியாகப் பணிப்பதிவேடு. பணிநீக்கப் பதிவு சிவப்பு மையில் இருக்கும். அதற்குக் கீழே நீதிமன்ற உத்தரவு எண், தேதி, இடைக்காலம் எப்படிக் கருதப்பட்டது என்ற மூன்றையும் எழுதி அதிகாரி கையெழுத்திட்டிருக்கிறாரா என்று நீங்களே புரட்டிப் பாருங்கள். இல்லாவிட்டால் ஓய்வூதியக் கருத்துரு போகும் நாளில் அந்தச் சிவப்பு வரி மட்டும்தான் கண்ணில் படும். பார்த்த பக்கத்தைப் போனில் ஒரு படம் எடுத்துக்கொண்டு வாருங்கள்.